ஓட்டைக் கை

சந்தியாகுவின் இரண்டு உள்ளங்கைகளிலும் ஓட்டை விழுந்தது ஒரு செவ்வாய்க்கிழமை காலையில். முகம் கழுவத் தொட்டித் தண்ணீரை அள்ளினான், தண்ணீர் முகத்துக்கு வரவில்லை. மறுபடி அள்ளினான், மறுபடியும் காலில்தான் விழுந்தது. மூன்றாம் தடவை கைகளைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தபோது இடது கைக்குள்ளே வேப்பமரத்துக் கிளை ஒன்றும், வலது கைக்குள்ளே அவன் மனைவி செலஸ்தீன் காயப்போட்டிருந்த சேலையின் முனையும் தெரிந்தன. ரத்தம் இல்லை, வலி இல்லை, எரிச்சல்கூட இல்லை. எலுமிச்சம்பழம் நுழைந்து வெளியே வரும் அளவுக்கு ஒரு வட்டம், அந்த வட்டத்தின் விளிம்பைச் சுற்றி ஒரு கறுப்புக் கோடு. மேலே மெல்லிசாகத் தொடங்கி, பக்கவாட்டில் தடித்து, கீழே வந்து ஒரு வால்போல வெளியே சுழித்து நின்றது. சத்தம் கேட்டு எட்டிப் பார்த்த பக்கத்து வீட்டு வலைக்காரர் சுவாமியடிமை அந்தச் சுழிப்பைக் கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்துவிட்டு, "இது பேப்பர்காரர் ஆவுடையப்பன் கோடுல்லா" என்றார்.

அந்தக் காலத்தில் தூத்துக்குடியில் ஆவுடையப்பன் கோட்டைத் தெரியாத ஆள் கிடையாது. 'தென்துறை' என்ற மாலைப் பத்திரிகையில் கடைசிப் பக்கத்தில் விளையாட்டுப் படம் போடுகிறவர் அவர். அதற்கு முன்னால் தோணிகளின் மூக்கில் பெயர் எழுதிக்கொண்டிருந்தார். மாலையானால் கால்பந்து மைதானத்துக்குப் போய்க் கடலை மடித்த தாளின் பின்பக்கத்தில் ஆட்டக்காரர்களை வரைவார். ஒருநாள் அப்படி ஒரு தாள் காற்றில் பறந்து பத்திரிகை ஆசிரியர் வன்னியபெருமாளின் மடியில் விழ, அதில் தன் சொந்தக் காலே முடிச்சாகச் சிக்கிக்கொண்டு உருளும் ஒரு பின்னாட்டக்காரனைப் பார்த்து வன்னியபெருமாள் இருமும்வரைக்கும் சிரித்து, மறுநாளே ஒரு மேசையும் நாற்காலியும் ஒரு புட்டி இந்திய மையும் கொடுத்து உட்காரவைத்தார். ஒரு மனிதனுடைய உடம்பில் எது அவனோ அதை மட்டும் பிடித்து இழுத்துப் பெரிதாக்குவதுதான் ஆவுடையப்பனின் வித்தை. ஓடும்போது காது இரண்டும் ஆட்டுக்காதாகப் பின்னால் மடங்குகிற வலது ஓரக்காரன், தலையைவிட விசில் பெரிதாக இருக்கிற நடுவர், கழுத்தே இல்லாமல் தோளிலிருந்து நேராகத் தலை முளைத்த குத்துச்சண்டைக்காரன், இவர்களெல்லாம் சவரக்கடைக் கண்ணாடிகளைச் சுற்றி ஒட்டப்பட்டு ஊரைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். படத்தின் மூலையில் வெறும் 'ஆ' என்று கையெழுத்துப் போடுவார். நாலு மணிக்குப் பேப்பர் வந்ததும் "இன்னைக்கு ஆ பாத்தியாலே?" என்றுதான் தெருவில் பேச்சு தொடங்கும். கேலிக்கு ஆளானவர்களே அவர் வீட்டுக்கு வந்து சிரித்து, மூலப்படத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டு போவார்கள். யாராவது "எப்படி வே இப்படிப் பிடிக்கீரு?" என்று கேட்டால், "நான் பார்த்ததைத்தான் வரையறேன், பார்த்ததில் கொஞ்சம் கூட்டுறேன், அவ்வளவுதான்" என்பார். அது உண்மையாகவும் இருந்தது, அந்த ஞாயிற்றுக்கிழமை வரைக்கும்.

அந்த ஞாயிற்றுக்கிழமை சிங்கராயர் சுழற்கோப்பையின் இறுதி ஆட்டம். தோணித்துறை அணிக்கும் நாகர்கோவில் அணிக்கும். ஆறு வருஷமாகக் கோப்பை ஊரைவிட்டு வெளியே போனதில்லை. அந்த ஆறு வருஷமும் தோணித்துறையின் கோல் காத்தவன் சந்தியாகு. துறையில் மூட்டை தூக்குகிறவன், பனங்கிழங்கு போல நீண்ட விரல்கள், அவன் கைக்குள் போன பந்து கேட்டால்தான் வெளியே வரும் என்று ஊரில் சொல்வார்கள். ஆட்டம் முடிய மூன்று நிமிஷம் இருக்கும்போது, இரண்டு பக்கமும் கோல் இல்லாமல் மைதானமே மூச்சைப் பிடித்துக்கொண்டு இருக்கும்போது, ஆவுடையப்பனின் பென்சில் முனை ஒடிந்தது. அவர் குனிந்து பிளேடை எடுத்துச் சீவினார். நாலு சீவு, கூடிப்போனால் ஐந்து. தலைக்கு மேலே ஊர் முழுக்க ஒரே வாயாக ஊளையிட்டது. நிமிர்ந்து பார்த்தபோது பந்து வலைக்குள் கிடந்தது. சந்தியாகு மண்டியிட்டுத் தன் இரண்டு கைகளையும் விரித்துப் பார்த்துக்கொண்டிருந்தான். "என்னாச்சு?" என்று பக்கத்தில் நின்றவரைக் கேட்டார். "என்ன ஆவ? கைக்குள்ள வந்த பந்தை விட்டுட்டான் படுபாவி" என்றார் அவர். அவரும் அந்த நேரம் பீடிக்கு நெருப்புப் பற்றவைத்துக்கொண்டிருந்தவர்தான் என்பது ஆவுடையப்பனுக்குத் தெரியாது.

மறுநாள் காலையில் வன்னியபெருமாள் மேசைக்கு எதிரே வந்து நின்றார். இரவெல்லாம் ஊர் சாப்பிடவில்லை என்றார். ஊர் அழுதுகொண்டிருக்கிறது, அழுகிற ஊரைச் சிரிக்கவைக்கிறவனுக்குத்தான் பேப்பர் விற்கும் என்றார். "அவன் கையைப் பிடியும், ஆவுடை. வேற ஒண்ணும் வேண்டாம்." ஆவுடையப்பன் தூரிகையை மையில் தோய்த்தார். தான் பார்க்கவில்லை என்பது நினைவுக்கு வந்தது. ஆனால் ஊர் பார்த்திருக்கிறதே என்றும் நினைத்துக்கொண்டார். முறம்போல இரண்டு பெரிய கைகள், கைகளின் நடுவே இரண்டு ஓட்டை, ஓட்டை வழியாகச் சிரித்துக்கொண்டே போகிற பந்து, அதற்குப் பின்னால் வலை. கீழே இரண்டே வார்த்தை: 'ஓட்டைக் கை!' கையில் காசு தங்காதவனைச் சொல்கிற சொல்லைப் பந்து தங்காதவனுக்குச் சொன்னதில் ஊர் உருண்டு புரண்டு சிரித்தது. அச்சுக்கூடத்தில் இரண்டாம் தடவை மிஷினை ஓட்டினார்கள். சந்தியாகுவும் அந்தப் படத்தை டீக்கடையில் பார்த்தான் என்றும், பார்த்துவிட்டு அவனும் சிரித்தான் என்றும், பிறகு காசு கொடுத்துவிட்டு வீட்டுக்கு நடந்து போனான் என்றும் கடைக்காரர் பின்னாளில் சொன்னார். அதற்கு மறுநாள்தான் அந்தச் செவ்வாய்க்கிழமை.

ஒன்பது மணிக்கு ஆவுடையப்பன் வீட்டு வாசலில் செலஸ்தீன் வந்து நின்றாள். ஐந்து மாத வயிறு. கையில் நாலாக மடித்த பேப்பர். அவள் அழவில்லை, கத்தவில்லை. பேப்பரை விரித்து அவர் முன்னால் நீட்டினாள்.

"அண்ணாச்சி, இதை அழிச்சிருங்க."

அவருக்கு முதலில் புரியவில்லை. அவள் சொன்னாள். தொட்டித் தண்ணீரிலிருந்து தொடங்கி அந்தக் கறுப்புக் கோட்டின் சுழிப்பு வரைக்கும், நெல்லுக்கு விலை சொல்வதுபோல ஒரே குரலில் சொன்னாள். பிறகு மறுபடியும், "உங்ககிட்ட ரப்பர் இருக்கும்லா? அழிச்சிருங்க, நான் இங்ஙனயே நிக்கேன்" என்றாள்.

ஆவுடையப்பன் அவள் நீட்டிய பேப்பரை ரப்பரால் தேய்த்தார். அச்சு மை கலங்கியதே தவிரப் போகவில்லை; கடைசியில் அந்த இடமே கிழிந்தது, ஓட்டையில் இன்னொரு ஓட்டை. அவர் செருப்பைக்கூடப் போடாமல் பத்திரிகை அலுவலகத்துக்கு ஓடினார். படத்தை அச்சடித்த துத்தநாக பிளாக்கை எடுத்துச் சுத்தியலால் அடித்து நசுக்கினார். மூலப்படத்தில் இரண்டு ஓட்டைகளையும் வெள்ளை மை பூசி அடைத்தார். அதுவும் போதாதென்று ஊரில் விற்றுப்போன பேப்பரையெல்லாம் திரும்ப வாங்கலாமென்று கடை கடையாக ஏறி இறங்கினார். அதற்குள் பாதிப் பேப்பரில் சுண்டல் மடித்தாகிவிட்டது. மத்தியானம் சந்தியாகுவின் வீட்டுக்குப் போனபோது அவன் முற்றத்தில் உட்கார்ந்து, மடியில் கைகளை மல்லாத்தி வைத்துக்கொண்டு, ஓட்டை வழியாகத் தன் வேட்டியின் கரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். வெள்ளை மை அங்கே வந்து சேர்ந்திருக்கவில்லை.

அதன் பிறகு ஊர் அந்த ஓட்டைகளோடு வாழப் பழகியது. முதல் வாரம் ஆசுபத்திரியில் டாக்டர் ஓட்டைக்குள் ஒரு பென்சிலை விட்டு எடுத்து, அளவு எழுதி, 'காயம் எதுவும் இல்லை' என்று சீட்டுக் கொடுத்து அனுப்பினார். இரண்டாம் வாரம் மணப்பாட்டிலிருந்தும் வீரபாண்டியன்பட்டணத்திலிருந்தும் பெண்கள் வந்து சந்தியாகுவின் கைகளுக்கு முத்தம் கொடுத்து, காய்ச்சல் கண்ட பிள்ளைகளை அந்த ஓட்டைக்கு நேராகப் பிடித்துக் காட்டினார்கள், பங்குச் சாமியார் குடையை ஊன்றிக்கொண்டு வந்து, "ஐந்து காயம் ஆண்டவருக்குத்தான். இது ஒரு பேப்பர்காரன் போட்ட ஓட்டை, எல்லாரும் வீட்டுக்குப் போங்க" என்று விரட்டிவிட்டார். மூன்றாம் வாரம், அந்தக் கை வழியாகக் கடலைப் பார்த்தால் மீன் எங்கே கிடக்கிறதென்று தெரியும் என்று ஒரு பேச்சு கிளம்பி, நாலு வள்ளக்காரர்கள் அவனை அழைத்துக்கொண்டு போய்ப் பார்த்தார்கள்; கடல்தான் தெரிந்தது. நாலாம் வாரம் யாரும் வரவில்லை. டீக்கடையில் அவனுக்கென்று பிடி வைத்த கிண்ணம் ஒன்று தொங்கியது. ரேஷன் கடையில் உப்பையும் சீனியையும் அவன் கேட்காமலே பொட்டலம் கட்டிக் கொடுத்தார்கள். அவனைச் சந்திக்கிறவர்கள் உள்ளங்கையை விட்டுவிட்டு மணிக்கட்டைப் பிடித்துக் குலுக்கப் பழகினார்கள். மூட்டை தூக்கும் கொக்கி கையில் நிற்காததால் துறையில் அவனுக்குக் கொடி காட்டும் வேலை கொடுத்தார்கள். கொடிக் குச்சியை ஓட்டையில் செருகிக்கொண்டால் நாள் முழுக்கத் தூக்கினாலும் கை வலிக்காது என்று கூட வேலை செய்கிறவர்கள் யோசனை சொல்ல, அவனும் அப்படியே செய்தான். தபால்காரர் கடிதத்தை மேலே தூக்கி, "ஓட்டைக்கை வீடு எது?" என்று புதிய ஆளாக இருந்த முதல் வாரம் மட்டும் கேட்டார். பிறந்த பெண்குழந்தைக்கு பிலோமி என்று பெயர் வைத்தார்கள். சந்தியாகு அவளை உள்ளங்கையில் ஏந்தவில்லை. முழங்கை மடிப்பிலேயே வைத்துக் குளிப்பாட்டினான், தூக்கினான், தூங்கவைத்தான். அவன் கோல் காக்கிறதை விட்டுவிட்டான் என்பதை ஊர் கவனிக்கவே இல்லை, அது தானாக நடக்கவேண்டியதுதானே என்பதுபோல.

ஆவுடையப்பனுக்குத்தான் பழகவில்லை. அவருடைய பெயர் பெரிதாகியது. பந்தயத்துக்கு முந்தின நாள் ஆட்டக்காரர்கள் வஞ்சிரமும் சாளையும் கொண்டுவந்து வாசலில் வைத்துவிட்டு, "ஏதாச்சும் தப்பு நடந்தா மனசுல வச்சிக்கிடாதீங்க அண்ணாச்சி" என்று கெஞ்சினார்கள். நடுவர்கள் அவர் உட்கார்ந்திருக்கிற பக்கம் விசில் ஊதுவதில்லை. எதிராளிக்கு வால் ஒன்று வரைந்து கொடுக்கச் சொல்லி ஒரு கவுன்சிலர் கார் அனுப்பினார். அவர் எல்லாருக்கும் ஒரே பதிலைச் சொன்னார்: ஒன்றும் நடக்காது, நான் அதற்கப்புறம் ஆயிரம் படம் வரைந்துவிட்டேன், யாருக்கும் ஒரு மயிர்கூட நீளவில்லை. அது உண்மை. கழுத்தில்லாமல் வரைந்தவனுக்குக் கழுத்து இருந்தது, ஆட்டுக்காது வரைந்தவனுக்கு மனிதக் காதுதான் இருந்தது. ஒரே ஒரு படம்தான் பலித்தது, அவர் பார்க்காமல் வரைந்த படம். இந்த இரண்டாவது பாதியை அவர் யாரிடமும் சொல்லவில்லை. வீட்டில் பிச்சம்மாள் மைப்புட்டியை அரிவாள்மணைபோல உயரத்தில் எடுத்து வைத்தாள். "ஊர்ல யாரை வேணும்னாலும் வரையுங்க, என்னையும் பிள்ளையையும் மட்டும் வரைஞ்சிராதீங்க" என்று ஒருநாள் சோறு போட்டுக்கொண்டே சொன்னாள். பதினைந்து வருஷம் கூட வாழ்ந்தவள் அப்படிச் சொன்னதற்கு அவரால் கோபப்பட முடியவில்லை. அவர் மகனுடைய முகத்தை அவர் ஒருபோதும் வரையவில்லை.

வியாழக்கிழமை சந்தியாகுவுக்கு விடுமுறை. வியாழன்தோறும் சாயங்காலம் ஆவுடையப்பன் அவன் வீட்டுக்குப் போய், ஒரு முக்காலியில் உட்கார்ந்து, அவன் கைகளை வரைவார். ஓட்டை இல்லாமல் வரைவார். ரேகை ரேகையாக, காய்ப்புக் காய்ப்பாக, நிரம்பிய கைகளை. பந்து பிடித்த கை, பிள்ளையைத் தூக்கிய கை, சோறு பிசைகிற கை, ஒன்றும் செய்யாமல் மடியில் கிடக்கிற கை. வரைந்து முடித்ததும் இரண்டு பேரும் ஒரு நிமிஷம் அந்தக் கைகளையே பார்த்துக் காத்திருப்பார்கள். பிறகு சந்தியாகு, "சரி அண்ணாச்சி, காப்பி குடிங்க" என்பான். ஒரு தடவை அந்தப் படங்களில் ஒன்றைப் பேப்பரில் போடும்படி ஆவுடையப்பன் ஆசிரியரைக் கெஞ்சிப் பார்த்தார். வன்னியபெருமாள் படத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "கை கை மாதிரி இருக்கு. இதுல எங்க வே சிரிப்பு?" என்று திருப்பிக் கொடுத்துவிட்டார். மதராஸிலிருந்து ஒரு வாரப் பத்திரிகை பெரிய சம்பளத்துக்கு அழைத்தது. வியாழக்கிழமைகளை நினைத்து அவர் போகவில்லை. மனைவி கேட்டபோது, மதராஸ் தண்ணீர் ஒத்துக்கொள்ளாது என்றார். இப்படிப் பதினோரு வருஷம் போயிற்று.

பன்னிரண்டாம் வருஷம் தோணித்துறை அணிக்கு வெள்ளிவிழா வந்தது. விழா மலர் போடுகிறார்கள், ஊர்வலம் வைக்கிறார்கள், மேடையில் பழைய ஆட்டக்காரர்களுக்குப் பொன்னாடை. அணித் தலைவர் பத்திரிகை அலுவலகத்துக்கே வந்து, 'தென்துறை'யின் விழாப் பதிப்பில் அந்தப் பழைய படத்தை மறுபடி போடவேண்டும் என்று கேட்டார். அந்தப் படத்தால்தான் நம் அணி பேர் வெளியூரில் தெரியும், சந்தியாகுவும் மேடையில் வந்து கையைத் தூக்கிக் காட்டச் சம்மதித்துவிட்டான் என்றார். பிளாக் இல்லை, நசுங்கிப்போய்விட்டது. "அதனால என்ன? புதுசாப் போடும்" என்றார் வன்னியபெருமாள்.

ஆவுடையப்பன் மேசையில் உட்கார்ந்து தூரிகையை மையில் தோய்த்தார். மை தாளில் சொட்டியது. அவர் எழுந்துவிட்டார். அது ஒரு வியாழக்கிழமை.

சந்தியாகு முற்றத்தில் பிலோமியின் பள்ளிக்கூடச் செருப்புக்கு வார் தைத்துக்கொண்டிருந்தான். ஊசியை விரல் நுனியால் பிடித்து, செருப்பை முழங்காலில் இடுக்கிக்கொண்டு. அவர் முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். படத் தாளை எடுக்கவில்லை.

"சந்தியாகு, அந்தப் பந்து உள்ள போனதை நான் பார்க்கல."

அவன் நிமிரவில்லை. "எந்தப் பந்து?"

"அந்தப் பந்துதான். பென்சில் சீவிக்கிட்டிருந்தேன். நிமிர்ந்தப்போ எல்லாம் முடிஞ்சிருந்துச்சு. பக்கத்துல நின்னவன் சொன்னான், நான் வரைஞ்சேன்."

ஊசி நின்றது. செலஸ்தீன் அடுப்படி வாசலில் வந்து நின்றாள்.

"நானும் பாக்கல அண்ணாச்சி," என்றான் சந்தியாகு.

"என்னது?"

"நம்ம கோல் மேற்குப் பாத்துல்லா இருக்கும். வெயில் இறங்குற நேரம். அந்தப் பக்கம் உப்பளத்துல அம்பாரம் அம்பாரமாக் குவிச்சிருந்தானுவ, அதுல பட்டு அப்படியே கண்ணுக்குள்ள அடிச்சிது. வெள்ளையாத்தான் இருந்துச்சு எல்லாம். பந்து வந்ததே தெரியல. கைய நீட்டினேன், அவ்வளவுதான். கையில பட்டுதா பக்கத்துல போச்சாங்கிறதே எனக்குத் தெரியாது. அதான் கைய விரிச்சுப் பாத்தேன், தடம் எதும் இருக்கான்னு."

"இதை ஏன்டா நீ சொல்லல?"

"சொல்லணும்னுதான் இருந்தேன். அதுக்குள்ள படம் வந்துட்டு." அவன் செருப்பைக் கீழே வைத்தான். "படத்தைப் பாத்தப்பறம் எனக்கே கையில பட்டு நழுவின மாதிரி ஞாபகம் வந்துட்டு அண்ணாச்சி. இப்பவும் அப்படித்தான் இருக்கு. கண்ண மூடினா உங்க படம்தான் வருது, பந்து வரல."

செலஸ்தீன் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். பன்னிரண்டு வருஷத்தில் அவள் அழுது ஆவுடையப்பன் கேட்டது அன்றைக்குத்தான்.

"நான் பேப்பர்ல போட்டுடுறேன்," என்றார்.

"போட்டா மூடிக்கிடுமா?"

"தெரியாது."

சந்தியாகு யோசித்தான். "சரி, போடுங்க. மூடாட்டாலும் இருக்கட்டும். பிள்ளை படிப்பா."

விழாப் பதிப்புக்கான படத்தை ஆவுடையப்பன் வெள்ளிக்கிழமை காலையில் வரைந்து, ஆசிரியர் வருவதற்கு முன்னால் நேராக பிளாக் செய்கிறவரிடம் கொடுத்துவிட்டார். அதில் மைதானம் இருந்தது, கோல் இருந்தது, உப்பு அம்பாரங்களிலிருந்து பாய்கிற வெளிச்சத்தில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு கைகளை நீட்டி நிற்கிற சந்தியாகு இருந்தான். அவன் கைகளில் ஓட்டை இல்லை. படத்தின் முன்னால், பாதி இடத்தை அடைத்துக்கொண்டு, பந்துக்கு முதுகைக் காட்டிக் குனிந்து, மலைபோல ஒரு மனிதன் பென்சில் சீவிக்கொண்டிருந்தான். தன் வாழ்க்கையில் அவர் வரைந்துகொண்ட ஒரே சொந்த உருவம் அது. கீழே எழுதியிருந்தார்: 'நான் பார்க்கவில்லை. ஆ.'

ஊர் நம்பவில்லை. முதலில் சிரிப்பதா வேண்டாமா என்று தெரியாமல் விழித்தது, பிறகு கோபப்பட்டது. சவரக்கடைகளில், துறையில், வலை பின்னுகிற இடங்களில் ஒரே வாதம்தான். பார்க்காமல் வரைந்தான் என்றால் ஓட்டை எப்படி விழுந்தது? பொய்ப் படம் பலிக்குமா? பலித்திருக்கிறதே, அப்படியென்றால் மெய்தான். மெய் என்பதற்கு அத்தாட்சி துறையில் கொடி பிடித்துக்கொண்டு நிற்கிறது, போய்ப் பார்த்துக்கொள். வயதாகிவிட்டது, மூளை குழம்பிவிட்டது என்றார்கள் சிலர். சந்தியாகுவிடம் எதையோ வாங்கிக்கொண்டு எழுதிவிட்டார் என்றார்கள் வேறு சிலர். அவனிடம் வாங்க என்ன இருக்கிறது என்று யாரும் யோசிக்கவில்லை. அந்தப் பந்து கைக்குள் வந்து நழுவியதைத் தன் கண்ணால் பார்த்ததாகச் சத்தியம் செய்கிறவர்கள் அன்று மைதானத்தில் இருந்தவர்களைவிட மூன்று மடங்கு இருந்தார்கள். அவர்களில் பாதிப்பேர் அன்றைக்குப் பிறக்கவே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை மேடையில் சந்தியாகுவுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். ஒலிபெருக்கியை அவன் முன்னால் நகர்த்தியபோது அவன் கூச்சத்தோடு, "அன்னைக்கு வெயில் அடிச்சுது. பந்தை நான் பாக்கல. அண்ணாச்சி போட்டதுதான் நிசம்" என்றான். பிறகு பின்வரிசையிலிருந்து யாரோ, "கையத் தூக்கிக் காட்டு வே!" என்று கத்தினான். எல்லாரும் கத்தினார்கள். சந்தியாகு நின்றான், கீழே முதல் வரிசையில் உட்கார்ந்திருந்த ஆவுடையப்பனைப் பார்த்தான், பிலோமியைப் பார்த்தான், மெதுவாகக் கைகளைத் தூக்கினான். இரண்டு ஓட்டை வழியாகவும் மேடையின் கலர் விளக்கு தெரிந்தது. கைதட்டல் கடற்கரைவரைக்கும் கேட்டதாம். ஆவுடையப்பன் பார்த்துக்கொண்டே இருந்தார். அன்றைக்கு அவர் தலையைக் குனியவில்லை. ஓட்டைகள் அப்படியேதான் இருந்தன, கோடும் அந்தச் சுழிப்பும் அப்படியே.

திங்கட்கிழமை வன்னியபெருமாள் அவரைக் கூப்பிட்டு, கத்தாமல், ஏறக்குறைய வருத்தமாகவே சொன்னார். "பாக்காம வரைஞ்சேன்னு நீரே சொல்லிட்டீரு. இனிமே நீரு பாத்து வரைஞ்சதையும் எவன் வே நம்புவான்? வேலைய விட்டுப் போயிரும்." இருபது வருஷத்து மேசையிலிருந்து ஆவுடையப்பன் எடுத்துக்கொள்ள ஒன்றும் இல்லை. தூரிகையைக்கூட அங்கேயே விட்டுவிட்டு வந்தார்.

அந்த இடத்துக்குப் பாளையங்கோட்டையிலிருந்து ஞானத்துரை என்று ஒரு இளைஞன் வந்தான். கெட்டிக்காரன், கோடு கூர்மை. வந்த முதல் வாரமே அவனிடம் ஆசிரியர் சொல்லியிருக்கவேண்டும், அல்லது ஊரின் மனதை அவனே மோப்பம் பிடித்திருக்கவேண்டும். செவ்வாய்க்கிழமை பேப்பரின் கடைசிப் பக்கத்தில் ஆவுடையப்பன் இருந்தார். தொங்கிய கன்னம், பெரிய மூக்கு, காதில் செருகிய பென்சில், கண் இருக்கவேண்டிய இடத்தில் இரண்டு வட்ட ஓட்டை. ஓட்டை வழியாகப் பின்னால் இருக்கிற கோல் கம்பம் தெரிந்தது. 'பார்க்காத கண்!' என்று கீழே. நன்றாக வரைந்திருந்தான். பதினோரு நாளாகச் சிரிக்காத ஊர் அன்றைக்குச் சிரித்தது.

ஆவுடையப்பன் அந்தப் பேப்பரை வாங்கி, மடித்து, தலைமாட்டில் வைத்துக்கொண்டு படுத்தார். ஒரு படம் பலித்ததில்லையா, இன்னொன்றும் பலிக்கலாம். அது நடந்தால் தான் அழமாட்டார் என்று அவர் நினைத்துக்கொண்டார். சொல்லப்போனால் அவருக்குள் ஒரு இடம் அதற்காகக் காத்திருந்தது. ஊரில் இன்னொரு ஓட்டை ஆள், டீக்கடையில் இன்னொரு கிண்ணம், வியாழக்கிழமை முற்றத்தில் இரண்டு பேர், ஒருவனுக்குக் கை இல்லை, ஒருவனுக்குக் கண் இல்லை, கணக்கு நேராகிவிடும்.

விடிந்தது. அவர் இமையைத் திறக்காமல் விரலால் தடவிப் பார்த்தார். உருண்டையாக, வெதுவெதுப்பாக, இரண்டும் இருந்தன. திறந்தார். உத்தரத்தில் பல்லி தெரிந்தது. பிச்சம்மாள் பக்கத்தில் உட்கார்ந்து அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தது தெரிந்தது. அவள் எப்போதிலிருந்து அப்படி உட்கார்ந்திருந்தாளோ, "இருக்கு" என்று மட்டும் சொல்லிவிட்டு முகத்தை மூடிக்கொண்டாள். ஆவுடையப்பன் சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்தார். சுண்ணாம்புச் சுவரின் ஒவ்வொரு விரிசலும் அவ்வளவு தெளிவாகத் தெரிந்தது.

வாசலில் யாரோ கூப்பிட்டார்கள். மறுபடியும் கூப்பிட்டார்கள். அவர் எழுந்து போய்க் கதவைத் திறந்தார். சந்தியாகு நின்றான். ஓடி வந்திருக்கவேண்டும், சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது; கைகளைப் பின்னால் மறைக்காமல் முன்னால் வைத்திருந்தான்.

"கண்ணு தெரியுதா அண்ணாச்சி?"

"தெரியுது."

அவன் நம்பவில்லை. இன்னும் கிட்டத்தில் வந்து, ஒரு டாக்டரைப்போல முகத்தைச் சாய்த்துப் பார்த்தான். பிறகு வலது கையை அவர் முன்னால் தூக்கினான்.

"இது எத்தனை?"

"மூணு."

"இது?"

"ரெண்டு."

"இப்ப?"

ஐந்து விரலையும் விரித்திருந்தான். உள்ளங்கையின் நடுவே தெரு தெரிந்தது. உப்பளத்துக்குப் போகிற பெண்கள் தலைத்துணியோடு வரிசையாக அந்த வட்டத்துக்குள் ஒரு பக்கம் நுழைந்து மறுபக்கம் மறைந்துகொண்டிருந்தார்கள்.

"அஞ்சு," என்றார் ஆவுடையப்பன். "அஞ்சும் தெரியுது, சந்தியாகு."

"அப்ப சரி," என்று அவன் பெருமூச்சு விட்டான். உண்மையாகவே பாரம் இறங்கியவன்போல இருந்தான். "நல்ல வேளை. ராத்திரி பூரா செலஸ்தீன் என்னத் தூங்கவிடல, போய்ப் பாருங்க போய்ப் பாருங்கன்னு. நான் வாரேன் அண்ணாச்சி, ஏழு மணிக்குக் கப்பல் அணையுது."

அவன் படியிறங்கித் தெருவில் நடந்தான். ஆவுடையப்பன் வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு, அவன் முடுக்குத் திரும்பும் வரைக்கும், இரண்டு பக்கமும் ஆடிக்கொண்டு போகிற அந்தக் கைகளை இமைக்காமல் பார்த்துக்கொண்டு நின்றார்.